அங்கே நடப்பது இதுதானே?



கொஞ்சம் நீளமான பதிவு. ஆறுதலாக இருக்கும்போது வாசியுங்கள்.

இரண்டு கிழமைக்கு முன்னர் நம்மூர் வட்ஸ்அப் குழுமம் ஒன்றில் ஒரு வீடியோ வந்தது. இரவு வானத்தில் நெருப்புக் கோடுகள், கீழே இருண்ட கட்டடங்கள், பின்னணியில் ஒரு நஷீத். "காஸாவில் இன்றிரவு. ஆகக்கூடுதலாகப் பகிருங்கள்" என்று கீழே எழுதியிருந்தது. அரை மணித்தியாலத்துக்குள் அது எத்தனையோ குழுமங்களுக்குப் போய்விட்டது. நாமும் அனுப்பினோம், ஒளிக்க என்ன இருக்கிறது. அடுத்த நாள் காலை, தரம் பதினொன்றில் படிக்கும் பிள்ளை ஒருவர் வந்து, "டீச்சர், நீங்க ஸ்டேட்டஸ்ல போட்டது கேம். ஆர்மா 3. நான் விளையாடியிருக்கேன்" என்றார். தேடிப் பார்த்தோம். பிள்ளை சொன்னது சரி.

குழுமத்தில் திருத்தம் போட்டோம். நாம் மிகவும் மதிக்கும் ஒரு காக்கா அதற்குப் பதில் எழுதினார்: "மகள், அது எங்க எடுத்தது என்றதா இப்ப முக்கியம்? அங்கே நடப்பது இதுதானே?" பலர் அதன் கீழே கைகூப்பிப் போனார்கள்.

அவரோடு அங்கேயே வாதாட நமக்கு மனம் வரவில்லை. கேள்வியில் நியாயம் இல்லாமலும் இல்லை. அங்கே குண்டு விழுவது பொய்யல்ல, பிள்ளைகள் மௌத்தாவது பொய்யல்ல. அப்படியிருக்க ஒரு படம் மாறிப்போனால் என்ன? இதற்கு இரண்டு வரியில் பதில் எழுத முடியாததால்தான் இந்தப் பதிவு. போர்முனைக்குக் கமெரா முதன்முதலாகப் போன காலத்திலேயே இந்தக் கேள்வியும் வந்துவிட்டது. அதற்கு என்ன விலை கொடுக்கப்பட்டது என்பதும் இன்று நமக்குத் தெரியும்.

தரம் பதினொன்று வரலாற்றுப் பாடத்தில் முதலாம் உலக யுத்தம் வருகிறது. பாடப்புத்தகத்தில் காரணங்கள், விளைவுகள், ஒப்பந்தங்கள். பிள்ளைகள் பாடமாக்கிக்கொண்டு போவார்கள். இந்த முறை நாங்கள் வகுப்பில் 'சொம் போர்' என்ற 1916ஆம் ஆண்டுப் படத்தின் சில பகுதிகளைப் போட்டுக் காட்டினோம். கறுப்பு வெள்ளை, சத்தம் இல்லை. பிரித்தானிய அரசின் அங்கீகாரத்தோடு ஜெஃப்ரி மலின்ஸ், ஜோன் மக்டவல் என்ற இரண்டு கமெராக்காரர்கள் பிரான்சின் சொம் ஆற்றுப் பக்கத்துப் போர்முனையில் எடுத்தது. முழுப்படம் ஒன்றேகால் மணித்தியாலத்துக்குக் கிட்ட. இதற்கு முன்னரும் போர்ச் செய்திப்படங்கள் இருந்தன. ஆனால் நடந்துகொண்டிருக்கும் ஒரு பெரும் சண்டையை முழுநீளப் படமாக நாட்டு மக்களுக்கு முன் வைத்தது அநேகமாக இதுதான் முதல் தடவை.

1916 ஜூலை 1ஆம் திகதி காலை 7.20. ஹோதோர்ன் மேட்டின் கீழே பிரித்தானியர்கள் சுரங்கம் தோண்டி வைத்திருந்த 18 தொன் வெடிமருந்து வெடிக்கப்போகிறது. மலின்ஸ் முக்காலியில் கமெராவை நிறுத்தி, கைப்பிடியைச் சுற்றத் தொடங்கிவிட்டார். அந்தக் காலக் கமெராவுக்குக் கைதான் மோட்டார். ஒரு செக்கனுக்கு இரண்டு சுற்று, ஒரே சீராக. கை நடுங்கினால் படமும் நடுங்கும். குறித்த நேரம் பிந்துவதுபோல் இருக்கிறது. பிலிம் ஓடிக்கொண்டே இருக்கிறது, வெடிப்பதற்குள் அது தீர்ந்துவிடுமோ என்று தாம் பதறியதை அவர் பின்னாளில் எழுதியிருக்கிறார். பிறகு நிலம் அப்படியே மேலெழும்புகிறது. படத்தில் அதைப் பார்க்கும்போது சத்தமே இல்லாதது இன்னும் பயமாக இருக்கிறது. வகுப்பில் அதுவரை சிப்பாய்களின் வேகமான நடையைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்த பிள்ளைகள் அந்த இடத்தில் அடங்கிப்போனார்கள்.

ஆனால் நம்மை நிறுத்திய காட்சி அதுவல்ல. அதே நாள் காலை, வெடிப்புக்கு முன்னர், இரண்டு படைகளுக்கும் இடையே இருந்த பள்ளமான ஒரு பாதையில் லங்காஷயர் ஃபியூசிலியர்ஸ் படைப்பிரிவினர் உட்கார்ந்திருக்கிறார்கள். மலின்ஸ் அவர்களிடம் போய்ப் படமெடுக்கிறார். சிலர் கமெராவைப் பார்க்கிறார்கள், சிலர் சிரிக்கிறார்கள், சிலருடைய முகத்தில் ஒன்றுமே இல்லை. 7.30க்கு அவர்கள் அந்தப் பள்ளத்திலிருந்து ஏறித் திறந்தவெளிக்கு வந்தபோது எதிரே ஜேர்மனியரின் இயந்திரத் துப்பாக்கிகள் இருந்தன. பெரும்பாலானோர் சில நிமிடங்களுக்குள் செத்தார்கள் அல்லது காயப்பட்டார்கள். அந்த ஒரு நாளில் பிரித்தானியப் படையில் 19,240 பேர் இறந்தார்கள். காயப்பட்டவர்கள், காணாமற்போனவர்கள், பிடிபட்டவர்கள் எல்லோரையும் சேர்த்தால் 57,470.

இனி விஷயத்துக்கு வருவோம். 7.30க்கு நடந்த அந்தத் தாக்குதலைக் கமெராவால் சரியாக எடுக்க முடியவில்லை. தூரத்தை இழுத்துக் கிட்டக் காட்டும் லென்ஸ் இன்றைக்குப் போல் அவர்கள் கையில் இல்லை. கமெரா ஒரு பெட்டியளவு பாரம். பதுங்கு அகழிக்கு மேலே (நம்மவர் பங்கர் என்போமே, அதன் நீண்ட வடிவம்) தலையை நீட்டினால் தலை மிஞ்சாது. ஆகவே உண்மையில் பதிவானது என்ன? தூரத்துச் சரிவில் எறும்புபோல் சில மனிதர்கள் நகர்கிறார்கள். அவற்றில் ஒரு புள்ளி நிற்கிறது, பிறகு இல்லை. கண்ணைச் சுருக்கிப் பார்த்தால்தான் ஒரு மனிதன் விழுந்தது தெரியும்.

இதை லண்டன் தியேட்டரில் போட்டால் யார் அழுவார்கள்?

அதனால் ஒரு காட்சி சேர்க்கப்பட்டது. சிப்பாய்கள் அகழியிலிருந்து ஏறுகிறார்கள், ஒருவர் சுடப்பட்டு அகழிச் சுவரிலேயே சரிந்து விழுகிறார், மற்றவர்கள் புகைக்குள் போகிறார்கள், அவர்களிலும் இருவர் விழுகிறார்கள். முழுவதும் ஒரு நிமிடம்கூட இல்லை. இது போர்முனைக்கு வெகு பின்னால், பயிற்சி நடக்கும் ஓரிடத்தில் ஏற்பாடு செய்து எடுக்கப்பட்டது என்பதே ஆய்வாளர்களின் முடிவு. அகழியின் ஆழம் போதாது. சிப்பாய்களின் முதுகில் இருக்கவேண்டிய பாரம் இல்லை. கமெரா நிற்கும் இடத்தில் உண்மையான தாக்குதலின்போது ஒருவர் உயிரோடு நின்றிருக்க முடியாது. செத்துக்கிடப்பவர்களில் ஒருவர் கால்களை வசதியாக மாற்றி வைத்துக்கொள்வதுகூடத் தெரிகிறது என்கிறார்கள். காட்சிக்கு முன்னால் வரும் எழுத்தட்டையோ, 16 மைல் நீளமான முனை முழுவதிலும் படையினர் பாய்ந்தேறிய தருணம் இதுதான் என்று சொல்கிறது.

1916 ஓகஸ்ட்டில் படம் வெளிவந்தது. முதல் ஆறு கிழமைக்குள் பிரித்தானியாவில் சுமார் 2 கோடி டிக்கெட்டுகள் விற்றதாக மதிப்பிடுகிறார்கள். பிள்ளையைப் போருக்கு அனுப்பிய தாய்மார், கணவனை அனுப்பிய பெண்கள், ஏற்கெனவே சாவுச் செய்தி வந்த வீடுகளின் ஆட்கள் எல்லோரும் வரிசையில் நின்றார்கள். அந்தத் தாக்குதல் காட்சியின்போது அவர்கள் செத்துவிட்டார்களே என்று ஒரு பெண் தியேட்டரில் கதறியதாகப் பதிவு இருக்கிறது. அவர் கதறியது எழுந்து உடையைத் தட்டிக்கொண்டு தேநீர் குடிக்கப் போன ஒருவருக்காக. உண்மையில் செத்த மனிதர் அதே படத்தில் தூரத்துப் புள்ளியாக விழுந்தார். அவருக்காக யாரும் கதறியதாகப் பதிவு இல்லை.

காக்காவின் கேள்வியை இந்த இடத்தில் வைத்துப் பாருங்கள். அங்கே நடந்தது இதுதானே? ஆம். ஜூலை 1ஆம் திகதி அகழிச் சுவரிலேயே சுடப்பட்டு விழுந்தவர்கள் எத்தனையோ பேர். நடித்துக் காட்டப்பட்ட சம்பவம் உண்மையான சம்பவம்தான். ஆனாலும் அந்த ஒரு நிமிடம் பிற்காலத்தில் முழுப் படத்தின் மீதும் நிழலாக விழுந்தது. அதுவே எல்லா ஆவணப்படங்களிலும் புத்தகங்களிலும் சொம் போரின் உண்மைக் காட்சியாகத் திரும்பத் திரும்பக் காட்டப்பட்டது. பிறகு விஷயம் பரவியதும், அந்தப் படமே நாடகம்தானே என்று சொல்ல எல்லோருக்கும் வாய் வந்தது. பள்ளத்தில் உட்கார்ந்து கமெராவைப் பார்த்த அந்த முகங்களுக்கும் சேர்த்துத்தான் அந்தப் பெயர்.

அதை மீட்டது யார் என்றால், சந்தேகப்பட்டவர்கள்தான். லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தினரும் வேறு வரலாற்றாசிரியர்களும் படத்தைக் காட்சி காட்சியாகப் பிரித்தார்கள். அதே நேரத்தில் அதே போர்முனையில் நின்ற ஏர்னஸ்ட் புரூக்ஸ் எடுத்த புகைப்படங்களோடு ஒப்பிட்டார்கள். சிப்பாய்களின் சின்னங்களையும் பழைய அகழி வரைபடங்களையும் பார்த்தார்கள், நிலத்துக்கே போய் மேட்டையும் சரிவையும் தேடி நின்றார்கள். முடிவில் இந்தக் காட்சி ஏற்பாடு, மற்ற இன்னின்னவை உண்மை என்று சொல்ல முடிந்தது. படத்தின் மிகப் பெரும்பகுதி உண்மையானது என்பதும் அப்படித்தான் உறுதியானது. 2005இல் யுனெஸ்கோ தனது உலக நினைவுப் பதிவேட்டில் இதைச் சேர்த்துக்கொண்டது. விசாரிப்பதை நாம் ஏதோ துரோகம்போல் பார்க்கிறோம். அங்கே செத்தவர்களுக்குச் சாட்சியத்தைத் திருப்பிக் கொடுத்தது விசாரணைதான்.

மலின்ஸைப் பொய்யர் என்று தள்ளிவிட நமக்கு விருப்பமில்லை. அவர் பெருமையடிப்பவர் என்பது உண்மை. போரைத் தாம் படம்பிடித்த கதையை ஒரு முழுப் புத்தகமாக எழுதியவர், கூடவே உயிரைக் கொடுத்து வேலை செய்த மக்டவலைப் பற்றி அதில் சொல்லாத குறைதான். ஆனால் அவர் போர்முனைக்குப் போனார். அவருக்கு முந்தியவர்களில் பலர் போகவே இல்லை. 1898இல் அமெரிக்காவும் ஸ்பெயினும் கியூபாவில் மோதியபோது, நியூயோர்க்கில் ஸ்மித், பிளாக்டன் என்ற இருவர் மேசையில் கொஞ்சம் தண்ணீர் வைத்து, கப்பல் படங்களைக் கத்தரித்து மிதக்கவிட்டு, புகைக்கு சுருட்டுப் பிடித்து ஒரு கடற்போரைத் தயாரித்தார்கள். இது அவர்களே பின்னாளில் சொன்ன கதை. சில வருடங்களில் தென்னாபிரிக்காவில் போயர் யுத்தம். உண்மையாகவே அங்கு போய்ப் பெரிய கமெராவை வண்டியில் இழுத்துத் திரிந்தவர்களும் உண்டு, இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரப் பக்கத்து மேட்டில் உள்ளூர் ஆட்களுக்கு வேஷம் போட்டு எடுத்தவர்களும் உண்டு. சந்தையில் இரண்டும் ஒரே கூடையில் விற்பனையானது.

அந்த யுத்தத்தில் பிடிபட்ட போயர்கள் ஆயிரக்கணக்கில் நம் தியத்தலாவைக்குக் கொண்டுவரப்பட்டார்கள் என்பது பலருக்குத் தெரியும். இலங்கையில் முதன்முதலாகப் படம் காட்டப்பட்டது 1901இல் என்றும், பார்த்தவர்களில் போயர் கைதிகளும் இருந்தார்கள் என்றும், காட்டியவற்றில் பிரித்தானியாவின் போயர் யுத்த வெற்றியும் இருந்தது என்றும் இலங்கைச் சினிமா வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள். அப்படியானால் இந்த நாட்டின் முதல் சினிமா ரசிகர்களில் ஒரு பகுதியினர், தங்கள் தோல்வியையே காட்டப் பார்த்தவர்கள். திரையில் தெரிவது தென்னாபிரிக்க மண்ணா அல்லது எங்கோ ஓர் இங்கிலாந்து மேடா என்று அந்தக் கூட்டத்தில் சொல்லக்கூடியவர்களும் அவர்கள்தான். அவர்களிடம் யார் கேட்டிருக்கப் போகிறார்கள்.

இன்னொரு விஷயத்தையும் சொல்லாமல் போக முடியாது. சொம் படத்தின் பெரிய பொய் அந்த ஒரு நிமிடம் அல்ல என்பதே நமது கருத்து. மக்டவல் நின்ற மாமெட்ஸ் பக்கத்தில் பிரித்தானியர்களுக்கு வெற்றி கிடைத்தது. மலின்ஸ் நின்ற பொமோன்-ஹாமெல் பக்கத்தில் பேரழிவு. படத்தைப் பார்த்து முடிப்பவருக்கு மனதில் நிற்பது கைதிகள் வரிசையாக வருவதும் சிரித்துக்கொண்டு திரும்பும் படையும்தான். அந்த ஒரே நாளில் ஐம்பத்தேழாயிரம் பேரை இழந்த செய்தி அதில் இல்லை. காட்சிகள் உண்மையாக இருந்துகொண்டே கதை பொய்யாகலாம். இதை நாம் ஏட்டில் படிக்கவேண்டியதில்லை, நம் தலையிலேயே விழுந்திருக்கிறது.

2018 பெப்ரவரி, அம்பாறை. சாப்பாட்டுக் கடையில் கொத்துக்குள் மலட்டு மாத்திரை போட்டதாக ஒரு கூட்டம் கடைக்காரரைச் சூழ்ந்துகொண்டது. சிங்களம் சரியாகத் தெரியாத அந்த மனிதர் பயத்தில் தலையாட்டினார். அது ஃபோனில் பதிவானது. அந்த வீடியோவில் நடிப்பு ஒன்றுமில்லை. உண்மையான கடை, உண்மையான மனிதர், உண்மையான தலையாட்டல். மேலே எழுதிய வாசகம்தான் பொய். அன்றிரவே பள்ளிவாசலும் கடைகளும் தாக்கப்பட்டன. ஒரு கிழமை போகுமுன் திகன எரிந்தது. அரசாங்கம் பேஸ்புக்கையும் வட்ஸ்அப்பையும் முடக்கியது. அது மாத்திரை அல்ல, மாக்கட்டி என்று அரச இரசாயனப் பகுப்பாய்வு அறிக்கை வந்தபோது வாசிக்க யாருக்கும் அவசரம் இருக்கவில்லை. அப்போது அந்த வீடியோவை அனுப்பியவர்களும் மனதில் சொல்லியிருப்பார்கள்தானே: இது சரியாக நடந்ததோ இல்லையோ, அவர்கள் செய்வது இதுதானே.

நாம் அந்த வாசகத்தின் மறுபக்கத்தில் நின்றவர்கள். அதே வாசகம் நம் வாயிலிருந்து வரும்போது அது சுடவேண்டாமா?

காஸாவின் நிலை சொம்மைவிட வேறு. மலின்ஸ் வெளியிலிருந்து போனவர், அரசின் அனுமதியோடு, தணிக்கையோடு. 1911இல் இத்தாலி லிபியா மீது படையெடுத்தபோது அங்கே படம்பிடித்தவர் லூக்கா கொமேரியோ என்ற இத்தாலியர். விமானத்திலிருந்து குண்டு போடப்பட்ட முதல் யுத்தம் அது. குண்டு விழுந்த பக்கத்தில் கமெரா இருக்கவில்லை. 1915இல் கலிப்போலியில் உதுமானியப் படை உயிரைக் கொடுத்து நின்ற யுத்தத்தை இன்று அசையும் படமாகப் பார்க்கப்போனால் நாம் பெரும்பாலும் பார்ப்பது ஆஷ்மீட்-பார்ட்லெட் என்ற ஆங்கிலப் பத்திரிகையாளர் எடுத்ததை. துருக்கியரின் முதல் படம் என்று சொல்லப்படும், ஃபுவாத் உஸ்கினாய் 1914இல் எடுத்த படத்தின் பிரதி எங்குமில்லை. அப்படியொன்று எடுக்கப்பட்டதா என்றே சில ஆய்வாளர்கள் கேட்கிறார்கள். பிரதி இல்லாவிட்டால் பதிலும் இல்லை.

காஸாவில்தான் குண்டு விழும் பக்கத்தில் கமெரா இருக்கிறது. தன் வீடு இடிந்ததைத் தானே எடுக்கும் ஆட்கள் இருக்கிறார்கள். 2023 ஒக்டோபருக்குப் பின் அங்கே கொல்லப்பட்ட ஊடகவியலாளர்கள் ஐ.நா. மனித உரிமை அலுவலகத்தின் கணக்கில் 200ஐத் தாண்டிவிட்டார்கள். அவர்கள் எடுத்தது இருக்கும்போது, அதை நகர்த்திவிட்டு நாம் ஒரு வீடியோ கேமை அனுப்பியிருக்கிறோம். அவர்களுடைய வீடியோ வானவேடிக்கைபோல் இருப்பதில்லை. கை நடுங்கும், தூசு மறைக்கும், ஒன்றும் தெளிவாகத் தெரியாது. சொம் சரிவில் விழுந்த புள்ளிபோலத்தான். அதனால்தான் அது குறைவாகப் பகிரப்படுகிறதோ என்று நமக்கு ஒரு சந்தேகம்.

எதிர்த்தரப்பு இதற்காகவே காத்திருக்கிறது. ஒரு பொய்ப் படம் அகப்பட்டால் போதும், பத்து உண்மைப் படங்களையும் சேர்த்து நாடகம் என்று சொல்லிவிடுவார்கள். சொல்லியும் வருகிறார்கள்.

மையித்துகளின் படங்களை அனுப்புவது பற்றியும் ஒரு வார்த்தை. 1916இலும் இந்தச் சண்டை நடந்தது. டர்ஹம் தேவாலயத்தின் தலைமைக் குரு, செத்தவர்களைக் காசு கொடுத்துப் பார்க்கும் வேடிக்கையாக்குவதா என்று பத்திரிகையில் கண்டித்து எழுதினார். பிள்ளைகளை இழந்த சிலர் அவருக்குப் பதில் எழுதினார்கள், எங்கள் பிள்ளை எதற்குள் நின்றான் என்று பார்க்க எங்களுக்கு உரிமை இருக்கிறது என்ற கருத்தில். இரண்டு பேரும் சொன்னது சரியென்றே நமக்குப் படுகிறது. ஆனால் ஒன்று, இழந்தவர்கள் கேட்டுப் பார்ப்பது வேறு, காலைச் சாப்பாட்டு நேரத்தில் சின்னப் பிள்ளைகளின் கையிலுள்ள ஃபோனுக்கு நாம் அனுப்பிவிடுவது வேறு. ஒரு மையித்தைக் குளிப்பாட்டும்போது எவ்வளவு மறைத்துக் குளிப்பாட்டுகிறோம். அந்தக் கூச்சம் ஃபோனில் எங்கே போனது என்று தெரியவில்லை.

காக்காவுக்கு இதையெல்லாம் நேரில் சொன்னோம், அவர் வீட்டுக்குப் போய்த்தான். பிளேன்டி வந்தது. சூரா ஹுஜுராத்தில் செய்தியை விசாரிக்கச் சொல்லும் வசனத்தை அவரே எடுத்துப் பேசினார், நாம் நினைவூட்ட வேண்டியிருக்கவில்லை. ஆனால் விட்டுக்கொடுக்கவும் இல்லை. "மகள், விசாரிச்சுக்கிட்டு இருக்கக்குள்ள அங்க ஆக்கள் செத்துப் போறாங்களே" என்றார். அதற்கு நம்மிடம் பதில் இருக்கவில்லை. புறப்படும்போது தன் ஃபோனைத் தந்து, ஒரு படம் எங்கே எடுத்தது என்று தேடுவது எப்படியென்று காட்டச் சொன்னார். கூகுள் லென்ஸைத் திறந்து காட்டினோம். முதலில் அவர் தேடியது தன் வாப்பாவின் பழைய புகைப்படம் ஒன்றை. ஒன்றும் வரவில்லை, சிரித்துவிட்டார்.

பி.கு.: சொம் படத்தை இணையத்தில் இலவசமாகப் பார்க்கலாம். வரலாறு படிப்பிக்கும் ஆசிரியர்கள் தரம் பதினொன்றுக்குப் போட்டுக் காட்டலாம், ஆனால் இறந்தவர்களைக் காட்டும் இடங்கள் உண்டு, முதலில் நீங்கள் முழுவதும் பாருங்கள். அந்தத் தாக்குதல் காட்சி வரும்போது ஒன்றும் சொல்லாமல் போடுங்கள். நம் வகுப்பில் 34 பேரில் ஒருவருக்குத்தான் சந்தேகம் வந்தது. ஆர்மா 3ஐக் கண்டுபிடித்த அதே பிள்ளைதான்.